களிமண்ணில் மீண்ட முகங்கள்

ஊரை விட்டுப் புறப்படும் நேரத்தில் கையில் அகப்படுவதைத்தான் மனிதர் எடுத்துச் செல்கின்றனர். விதைநெல், காணி உறுதி, அடையாள அட்டை, பிள்ளைகளின் உடுப்பு, ஒரு சட்டி, ஒரு பானை. சுவரில் தொங்கிய திருமணப் படமும் பாட்டனாரின் படமும் பெரும்பாலும் சுவரிலேயே தங்கிவிடுகின்றன. பின்னர் ஊருக்குத் திரும்பினாலும் அந்தச் சுவர் இருப்பதில்லை. எமது வாசகர்களிற் பலருக்கு இதை நாம் விளக்க வேண்டியதில்லை.

படங்களும் பத்திரங்களும் போனபின் ஒரு குடும்பம் தன்னை எப்படி நினைவில் வைத்திருப்பது? முகாமிலே பிறந்த பிள்ளைக்கு அதன் ஊரை எப்படிக் காட்டுவது? அடக்கம் செய்ய முடியாமற்போன உறவினரை எப்படி வழியனுப்புவது? இக்கேள்விகளுக்கு விடை தேடித் தன் வாழ்நாளைச் செலவிட்டு வரும் கலைஞர் ஒருவரைப் பற்றி இவ்விதழில் எழுத விரும்புகிறோம். அவர் பெயர் ரித்தி பான். கம்போடிய நாட்டவர். திரைப்படம் அவருடைய தொழில். நடித்துக் காட்டல், சடங்கு, நடனம், களிமண் பொம்மை ஆகியனவும் அவர் கையில் நினைவை மீட்கும் கருவிகளாகியுள்ளன.

வயலுக்குத் துரத்தப்பட்ட நகரம்

1975 ஏப்ரல் 17ஆம் திகதி கெமர் ரூஜ் இயக்கத்தினர் கம்போடியாவின் தலைநகரான நொம்பென்னைக் கைப்பற்றினர். நகரத்தை விட்டு எல்லோரும் வெளியேற வேண்டும் என்று அன்றே கட்டளையிட்டனர். அமெரிக்க விமானங்கள் குண்டு போடப் போகின்றன, சில நாட்களில் திரும்பி வரலாம் என்று மக்களுக்குச் சொல்லப்பட்டது. ஏறத்தாழ 20 இலட்சம் பேர் வெயிலில் நடந்தே வெளியேறினர். அவர்களிற் பெரும் பகுதியினர் முந்திய ஆண்டுகளின் போரினால் தம் கிராமங்களை இழந்து நகரத்துக்கு ஓடிவந்திருந்த கமக்காரர்கள். மருத்துவமனைக் கட்டில்களிற் கிடந்த நோயாளிகளும் தெருவுக்குத் தள்ளப்பட்டனர்.

சிறுவனாயிருந்த ரித்தி பான் தன் குடும்பத்தாருடன் அந்தக் கூட்டத்தில் நடந்தார். அவருடைய தந்தையார் ஆசிரியராயிருந்து கல்வி அமைச்சில் உயர் பதவி வகித்தவர். ஆனால் கமக்காரக் குடும்பத்திற் பிறந்தவர். புதிய ஆட்சி பணத்தை ஒழித்தது. சந்தைகளையும் பாடசாலைகளையும் மூடியது. வழிபாட்டைத் தடை செய்தது. நகரத்திலிருந்து வந்தோருக்குப் 'புதிய மக்கள்' என்று பெயரிட்டு வயலிலும் கால்வாய் வெட்டிலும் இறக்கியது.

1976ஆம் ஆண்டின் திட்டப்படி ஒரு ஹெக்டேயரில் 3 தொன் நெல் விளைய வேண்டும். எமது கணக்கிற் சொன்னால் ஏக்கருக்கு ஏறக்குறைய 58 புசல். இன்றைய விதையும் உரமும் உள்ள வயலுக்கு இது பெரிய அளவன்று. ஆனால் அந்நாட்டில் அதுவரை கிடைத்து வந்தது ஹெக்டேயருக்கு ஒரு தொன்னுக்குச் சற்று மேல்தான். உரமில்லை, போதிய மாடில்லை, வேலை செய்பவன் வயிற்றில் சோறுமில்லை. மேலிடத்துக்குப் பயந்த அதிகாரிகள் பொய்க் கணக்கு எழுதினர். அந்தக் கணக்கின்படி நெல் லொறிகளில் ஏற்றிச் செல்லப்பட்டது. விளைவித்தவர்களுக்குக் கஞ்சித் தண்ணீர் மிஞ்சியது.

1979 ஜனவரி 7ஆம் திகதி அந்த ஆட்சி வீழ்ந்தது. அதற்குள் ஏறத்தாழ 80 இலட்சம் மக்களில் 17 முதல் 20 இலட்சம் வரையானோர் பசியாலும் நோயாலும் மிகை உழைப்பாலும் கொலையாலும் மாண்டிருந்தனர். கத்தோலிக்கத் திருச்சபையும் இந்தச் சிலுவையைச் சுமந்தது. நொம்பென் பேராலயம் இடித்துத் தரைமட்டமாக்கப்பட்டது. நகரம் வீழ்வதற்கு மூன்று நாட்களுக்கு முன் ஆயராகத் திருநிலைப்படுத்தப்பட்ட ஜோசப் ச்மார் சாலஸ் ஆண்டகை கிராமத்துக்கு அனுப்பப்பட்டு, 1977இல் அங்கேயே உயிர் நீத்தார்.

ரித்தி பான் தந்தை, தாய், உடன்பிறந்தோர் சிலர், உறவினரின் சிறு பிள்ளைகள் என ஒருவர்பின் ஒருவராக இழந்தார். 1979இல் எல்லை கடந்து தாய்லாந்து முகாமொன்றை அடைந்தார். பின்னர் பிரான்சுக்குச் சென்று அங்கு முதலில் தச்சுத் தொழில் பயின்றார். பாடசாலைக் காலத்தில் கையில் கிடைத்த ஒரு கமரா அவர் வழியை மாற்றியது. பாரிஸிலுள்ள திரைப்படக் கல்லூரியில் சேர்ந்து 1985இல் படிப்பை முடித்தார்.

நெல் எங்கிருந்து வருகிறது?

அவருடைய முதற் படம் 1989இல் வெளிவந்தது. தாய்லாந்து எல்லையில் 'சைற் 2' என்ற பெயரில் ஒரு முகாம் இருந்தது. ஒன்றரை இலட்சத்துக்கு மேற்பட்ட கம்போடியர் அங்கே சில சதுர மைல்களுக்குள் அடைபட்டிருந்தனர். அம்முகாமிலிருந்த ஒரு தாயின் பேச்சை வைத்தே அப்படம் அமைந்தது. தண்ணீர் அளந்து கொடுக்கப்படுகிறது, அரிசி அளந்து கொடுக்கப்படுகிறது. உழத் தெரிந்த கைகள் சும்மா இருக்கின்றன. பெரிய சம்பவம் எதுவும் படத்தில் இல்லை. முகாமில் வாழ்ந்தவர்களுக்கு அந்தச் சும்மா இருத்தலின் பாரம் விளங்கும்.

முகாமில் வளரும் ஒரு பிள்ளையிடம் நெல் எங்கிருந்து வருகிறது என்று கேட்டால், ஐக்கிய நாடுகளின் லொறியிலிருந்து வருகிறது என்று சொல்லும். ரித்தி பான் எடுத்துக் காட்டிய உண்மை இது. அந்தப் பிள்ளை வயலைக் கண்டதில்லை. ஆயிரம் ஆண்டுகளாக நெல் விளைவித்த இனத்தின் பிள்ளை லொறியைக் காட்டுகிறது என்றால், அங்கு இழக்கப்பட்டது நிலம் மாத்திரம் அன்று.

அந்தப் பிள்ளைகளுக்கு விடை சொல்வது போலவே 1994இல் அவர் ஒரு கதைப்படம் எடுத்தார். அதன் பெயருக்கு 'வயல் மக்கள்' என்று பொருள் கொள்ளலாம். மலேசிய எழுத்தாளர் சானொன் அகமதுவின் நாவலைத் தழுவியது. கதை எளியது. ஒரு கமக்காரன் வயலில் முள்ளை மிதிக்கிறான். காயம் சீழ்பிடித்து அவன் இறக்கிறான். மனைவி பாரம் தாங்காமல் மனம் பேதலிக்கிறாள். மூத்த மகள் தங்கைகளைச் சேர்த்துக்கொண்டு நண்டோடும் குருவியோடும் போராடிப் பயிரைக் காக்கிறாள். உழவு முதல் அருவி வெட்டு வரை ஒரு போகத்தின் வேலைகள் யாவும் ஒழுங்காகக் காட்டப்படுகின்றன. கான் திரைப்பட விழாவின் போட்டிப் பிரிவுக்கு அவ்வாண்டு இப்படம் தெரிவானது. ஆனால் எமக்கு முக்கியமாகப் படுவது வேறொன்று. முகாமிற் பிறந்த பிள்ளை இப்படத்தைப் பார்த்தால் நெல் எப்படி வருகிறது என்று அறிந்துகொள்ளும்.

கைகள் மறக்கவில்லை

நொம்பென்னில் முன்பு உயர்தரப் பாடசாலையாக இருந்த ஒரு கட்டடத்தைக் கெமர் ரூஜ் ஆட்சி சிறைச்சாலையாக்கியது. எஸ்-21 என்று அதற்குப் பெயர். ஆகக் குறைந்தது 12,272 பேர் அங்கிருந்து கொலைக்கு அனுப்பப்பட்டனர் என்று பின்னாளில் நீதிமன்றம் கண்டது. தப்பியோர் மிகச் சிலரே. அவர்களுள் வான் நாத் ஓர் ஓவியர். தலைவரின் உருவப் படங்களை வரையத் தெரிந்திருந்ததால் உயிரோடு விடப்பட்டவர்.

2003இல் வெளிவந்த விவரணப்படத்தில் ரித்தி பான் வான் நாத்தையும் அச்சிறையின் முன்னாள் காவலர்களையும் அதே கட்டடத்துக்குள் சந்திக்க வைத்தார். வான் நாத் கோபப்படவில்லை. தான் வரைந்த ஓவியத்தைக் காட்டி, இது நடந்ததா இல்லையா என்று அமைதியாகக் கேட்கிறார். காவலர்கள் தடுமாறுகின்றனர். கட்டளை வந்தது, செய்தோம் என்கின்றனர். அவர்களிற் பலர் பன்னிரண்டு பதின்மூன்று வயதில் சேர்க்கப்பட்ட கிராமத்துப் பையன்கள்.

ஒரு காவலருக்குப் பேச்சு வரவில்லை. சொல்ல வந்ததைக் கையசைவால் நிறைவு செய்தார். இதைக் கவனித்த ரித்தி பான், அன்று செய்ததை அதே இடத்திற் செய்து காட்டும்படி கேட்டார். வெற்று அறைக்கு முன் அந்த மனிதர் நடக்கிறார். இல்லாத பூட்டைத் திறக்கிறார். இல்லாத கைதியை அதட்டுகிறார். தண்ணீர் கொண்டு வருகிறார், திரும்பப் பூட்டுகிறார். கால் நூற்றாண்டு கழிந்தும் உடல் ஒன்றையும் மறக்கவில்லை. கமரா வாசற்படியில் நின்றுவிடுகிறது, உள்ளே போவதில்லை. உள்ளே போனால் தரையிற் கிடந்த கைதிகளை மிதித்தது போலாகும் என்று ரித்தி பான் பின்னர் விளக்கினார். அந்த அறையில் அப்போது எவருமில்லை. ஆயினும் இறந்தோர் அங்கே கிடப்பதாக எண்ணி அவர் மரியாதை செய்தார்.

இப்படத்தினால் ஒரு பெரிய காரியமும் நடந்தது. அச்சிறையைப் பற்றித் தமக்குத் தெரியாது என்று கூறிவந்த முன்னாள் அரசுத் தலைவர் கியூ சம்பான், படத்தைப் பார்த்தபின் அது அரசின் நிறுவனமே என்று ஒப்புக்கொண்டார். 2014 ஆகஸ்டில் ஐ.நா. ஆதரவுடன் அமைந்த நீதிமன்றம் அவருக்கும் நுவொன் சியாவுக்கும் ஆயுட்சிறை விதித்தது. 1975இல் மக்களை வலோற்காரமாக இடம்பெயர்த்தமை மனிதகுலத்துக்கு எதிரான குற்றம் என்பது அத்தீர்ப்பின் முக்கிய பகுதி. ஊரை விட்டுத் துரத்துவதே குற்றம் என்று ஒரு நீதிமன்றம் எழுதிவைத்ததை எமது வாசகர்கள் கவனிப்பது நல்லது. தீர்ப்புக்கு முப்பத்தொன்பது ஆண்டுகள் சென்றன. அத்தனை ஆண்டுகளும் சாட்சியைக் காத்தவர்கள் நினைவில் வைத்திருந்த மனிதர்கள்.

களிமண்ணால் ஒரு குடும்பம்

கெமர் ரூஜ் ஆட்சி தன் பெருமைக்காகத் திரைப்படங்கள் எடுத்தது. ஆயிரக்கணக்கானோர் வரிசையாக மண் சுமக்கும் காட்சிகள் இன்றும் உள்ளன. பசியின் படம் இல்லை; கொலையின் படமும் இல்லை. களைத்துத் தடுமாறும் உழைப்பாளர் தெரியும்படி படம் பிடித்த ஒரு கமராக்காரர் கொல்லப்பட்டார். ரித்தி பானுடைய தந்தை பசியோடிருந்த நாட்களை எந்தக் கமராவும் பதிவு செய்யவில்லை.

கிடைக்காத அந்தப் படத்தைத் தானே உண்டாக்குவதென்று அவர் முடிவு செய்தார். அவர் கையில் எடுத்தது களிமண். சரித் மாங் என்ற சிற்பி மண்ணையும் நீரையும் பிசைந்து விரலளவு மனிதர்களைச் செய்தார். தந்தை வெள்ளை உடையில். சிறுவன் ரித்தி புள்ளிச் சட்டையில். சுற்றிலும் கறுப்பு உடுத்த நூற்றுக்கணக்கானோர். சிறு வயல், சிறு வரம்பு, சிறு மருத்துவக் குடில். பொம்மைகள் அசைவதில்லை. கமராதான் அவற்றிடையே மெல்ல நகர்கிறது. பின்னணியில் ஒரு குரல் கதை சொல்கிறது. 'காணாமற்போன படம்' எனப் பொருள்படும் பெயருடன் 2013இல் இது வெளிவந்தது. கான் விழாவில் ஒரு பிரிவின் முதற் பரிசைப் பெற்றது. ஒஸ்கார் விருதின் இறுதிப் பட்டியலில் இடம்பெற்ற முதற் கம்போடியப் படமும் இதுவே.

மனிதன் மண்ணால் உருவாக்கப்பட்டான் என்று தொடக்க நூல் கூறுவதை நாம் அறிவோம். ரித்தி பான் பௌத்த நாட்டவர். ஆயினும் மண்ணைப் பிசைந்து இறந்தவர்களுக்கு முகம் கொடுக்கும் அந்தக் கைகளைப் பார்க்கும்போது, எமக்குப் பழக்கமான அவ்விவிலியக் காட்சி நினைவுக்கு வராமலிருப்பதில்லை. விலை கூடிய பொருளெதுவும் அங்கு தேவைப்படவில்லை. பிள்ளைகள் குளக்கட்டில் விளையாடும் அதே களி போதுமாயிருந்தது.

சொற்களால் ஓர் அடக்கம்

அப்படத்தில் தந்தையாரின் இறப்பும் வருகிறது. மிருகத்துக்குப் போடுவது போன்ற உணவை இனி உண்ண மாட்டேன் என்று அவர் உண்பதை நிறுத்திக்கொண்டார். இறந்தபோது சடங்கு இல்லை, துறவிகள் இல்லை, நல்ல துணிகூட இல்லை. அன்றிரவு தாயார் பிள்ளைகளுக்கு ஓர் இறுதிச் சடங்கை வாயாற் சொல்லிக் கொடுத்தார். ஒரு நல்ல ஆசிரியருக்கு நடந்திருக்க வேண்டிய ஊர்வலம் எப்படியிருக்கும், யார் யார் வருவார்கள், என்னென்ன செய்வார்கள் என்று ஒவ்வொன்றாக விவரித்தார். பிள்ளைகள் கேட்டுக்கொண்டிருந்தனர். அதுவே அடக்கமாயிற்று. சொற்களைப் பறிக்க எந்த ஆட்சியாலும் முடியவில்லை.

2018இல் வந்த மற்றொரு படத்தில் ரித்தி பான் தானே சடங்கில் அமர்கிறார். தலையை மழித்துக்கொண்டு, தன்னவர்களின் புதைகுழிகளைத் தேடிக் கிராமங்களுக்குப் போகிறார். அங்குள்ள முதிய கமக்காரர்கள் தாம் கண்டதைப் பேசுகின்றனர். அவர்களுடைய பேச்சையும் அவர் முழுமையாகக் கேட்கிறார். குழிகள் கிடைப்பது அரிது. உழுது உழுது நிலம் மாறிவிட்டது. அதற்கு முந்திய ஆண்டு, இசையமைப்பாளர் ஹிம் சோபியுடன் சேர்ந்து 'பங்சொகொல்' என்ற அரங்க நிகழ்வை மெல்பேர்ண் நகரில் முதன்முதலாக நிகழ்த்தினார். கெமர் மரண வீட்டில் இறந்தவர்மேல் விரித்துப் பின் எடுக்கப்படும் வெள்ளைத் துணிக்கு அப்பெயர். மேடையில் வாத்தியங்களும் பாடகர் குழுவும், பின்திரையில் அவருடைய படக்காட்சிகளும். அடக்கம் இன்றிப் போன இலட்சக்கணக்கானோருக்குப் பிந்தி விரித்த துணியாக அது அமைந்தது.

மக்களுக்கு உரிய களஞ்சியம்

ஒரு கலைஞரின் துயரம் அவரோடு நின்றுவிடலாம். ரித்தி பான் அப்படி விடவில்லை. 2006இல் நொம்பென்னில் ஒலி ஒளி ஆவண நிலையமொன்று திறக்கப்பட அவர் காரணராயிருந்தார். எஸ்-21 சிறையில் கொல்லப்பட்ட பொபானா என்ற இளம் பெண்ணின் பெயர் அதற்கு வைக்கப்பட்டது. கணவருக்கு அவள் எழுதிய காதற் கடிதங்கள் சிறைக் கோப்பில் எஞ்சியிருந்தன. உலகின் பல இடங்களிலே சிதறிக் கிடந்த கம்போடியப் படங்கள், ஒலிநாடாக்கள், புகைப்படங்கள் அந்நிலையத்தில் சேர்க்கப்படுகின்றன. எவரும் கட்டணமின்றிச் சென்று பார்க்கலாம். இளைஞர்களுக்குப் படம் பிடிக்கவும் ஒலிப்பதிவு செய்யவும் பயிற்சி அளிக்கப்படுகிறது. பிறர் வந்து எம்மைப் படம் பிடித்துப் போகும் நிலை மாறி, எமது கதையை நாமே சொல்ல வேண்டும் என்பதே இதன் நோக்கம்.

நாம் எடுத்துக்கொள்ளக் கூடியது

பழையதைக் கிளறுவதால் என்ன பயன், பிள்ளைகளின் எதிர்காலத்தைப் பார்ப்போம் என்று கூறுவோர் உண்டு. அவர்களுடைய களைப்பை நாம் மதிக்கிறோம். வீடும் தண்ணீரும் தொழிலும் இல்லாதவனிடம் நினைவைப் பற்றி மட்டும் பேசுவது நியாயமன்று. ஆனால் எல்லைக் கதியால் எங்கே நின்றது என்று தெரிந்த முதியவர் ஒருவர் உயிரோடிருப்பதன் பெறுமதியை உறுதி தொலைத்த குடும்பங்கள் அறியும். எந்த வயலுக்கு எந்த நெல் பொருந்தும், எந்தக் குளத்தின் மடை எப்பக்கம் திறக்கும் என்பதும் நினைவுதான். அதுவும் முதியவர்களோடு போய்விடும்.

இதற்குப் பெரிய கமரா வேண்டியதில்லை. முற்றத்து மணலில் ஊரின் வரைபடத்தைக் கீறலாம். கோவிலும் கிணறும் வயலும் ஒழுங்கையும் எங்கிருந்தன என்று பெரியவர்கள் சொல்லப் பிள்ளைகள் களிமண்ணாற் செய்து வைக்கலாம். சூடடித்த விதத்தைப் பாட்டனார் நடித்துக் காட்டலாம். பேரப்பிள்ளையின் கைத்தொலைபேசியில் அதைப் பதிவு செய்யலாம். இறந்தோரின் பெயர்களை ஒரு கொப்பியில் எழுதி, ஆண்டில் ஒருநாள் உரத்து வாசிக்கலாம்.

இரண்டு விடயங்களில் எச்சரிக்கை வேண்டும். ஒருவரை வற்புறுத்திப் பேச வைக்கக் கூடாது. கண்ணீர் வந்தால் நிறுத்தி, பக்கத்தில் இருக்க வேண்டும். தேவையானால் உளவளத் துணையாளரிடம் அழைத்துச் செல்ல வேண்டும். அடுத்தது, நினைவு பழிவாங்கும் ஆயுதமாகக் கூடாது. வான் நாத் தன்னை வதைத்த இடத்தின் காவலர்களிடம் கேட்டது உண்மையை மட்டுமே. 2011இல் இறக்கும்வரை அவர் அதையே கேட்டார்.

கிராம மட்டக் குழுக்கள் இக்கட்டுரையை வாசித்தபின் பின்வருவனவற்றைப் பற்றிக் கலந்துரையாடலாம்:

1. எமது ஊரைப் பற்றி எமது பிள்ளைகளுக்கு என்ன தெரியும்? நெல் எங்கிருந்து வருகிறது என்று கேட்டால் அவர்கள் என்ன சொல்வார்கள்?

2. எமது குடும்பத்தில் எந்தப் படம் காணாமற் போயிற்று? அதில் யார் யார் இருந்தனர்?

3. அடக்கம் செய்ய முடியாமற்போன எவருக்காவது நாம் இப்போது செய்யக்கூடியது என்ன?

4. வரும் மாரிக்கு முன் எந்த முதியவரிடம் போய் உட்கார்ந்து கேட்க வேண்டும்?

நான்காவது கேள்வியிலிருந்து தொடங்குவது நல்லது. மற்றவை காத்திருக்கும், முதியவர்கள் காத்திருக்க மாட்டார்கள்.